கோர்ட் ஏலத்தில் போன அண்ணன் நிலத்தை மீட்க இன்னும் வழி உண்டா?

கேள்வி

ஈரோடு மாவட்டத்தில் என் அண்ணனுக்கு இருந்த மூன்று ஏக்கர் கிணற்றுப் பாசன நிலம், ஒரு புரோநோட்டுக் கடனுக்காக 23 நாள்களுக்கு முன் கோர்ட் ஏலத்தில் 11 லட்சம் ரூபாய்க்குப் போய்விட்டது. ஏல விளம்பரத்தில் காட்டிய கடன் 4,60,000 ரூபாய்தான்; நிலமோ எங்கள் பக்கத்து விலையில் 25 லட்சத்துக்குக் குறையாது. கோர்ட் ஊழியரான அமீனா மோட்டார் அறைக் கதவில் ஒட்டிச் சென்ற தாளை அண்ணனே உரித்தெடுத்து, நான்காக மடித்து, டிரங்குப் பெட்டியில் கிரயப் பத்திரத்துக்கு அடியில் வைத்துவிட்டார். வெட்கத்தால் யாரிடமும் சொல்லவில்லை. சென்ற வாரம் அண்ணி அதைக் கண்டெடுத்த பிறகே எங்களுக்குத் தெரிந்தது. உறவினர்கள் சேர்ந்து ஐந்து லட்சம் வரை திரட்ட முடியும். ஏலம் இன்னும் உறுதி செய்யப்படவில்லை. என்ன செய்யலாம், ஐயா?

முதல் பதில்

உறுதி செய்யப்படவில்லை என்பதே உங்களுக்கு இருக்கும் பெரிய ஆறுதல். உரிமையியல் நடைமுறைச் சட்டம், கட்டளை 21, விதி 89-இன்படி, ஏலம் நடந்த நாளிலிருந்து 60 நாள்களுக்குள் இரண்டு தொகைகளை நீதிமன்றத்தில் செலுத்தி, ஏலத்தை ரத்து செய்யக் கோரலாம்: விளம்பரத்தில் குறித்த கடன் தொகை ஒன்று, ஏலம் எடுத்தவருக்காக ஏலத் தொகையில் 5 சதவீதம் மற்றொன்று. உங்கள் கணக்கில் அது 4,60,000-உடன் 55,000 சேர்ந்து 5,15,000 ஆகிறது. ஆகவே ஐந்து லட்சம் போதாது. தொகை குறைந்தாலும் நாள் கடந்தாலும் மனு நிற்காது, தவணை கேட்கவும் இடமில்லை. முழுத் தொகையும் காலத்தில் கட்டப்பட்டுவிட்டால், ஏலம் எடுத்தவர் விரும்பாவிட்டாலும் நீதிமன்றம் ரத்து செய்தே ஆக வேண்டும். அண்ணன் முன்வரத் தயங்கினால், அவர் நலனுக்காக நீங்களே மனுச் செய்யவும் விதி இடம் தருகிறது. விளம்பரத்தில் அடங்காத வட்டியும் செலவும் இருந்தால் அந்தப் பொறுப்பு மட்டும் அண்ணனுக்கு நீடிக்கும்.

இரண்டாம் பதில்

பணம் கட்டுவதற்கு முன் இன்னொன்றையும் யோசியுங்கள். கடனைத் தீர்க்க எவ்வளவு போதுமோ அவ்வளவு சொத்தையே விற்க வேண்டும் என்பது விதி 64. கடன் 2,395 ரூபாய் 50 காசாக இருக்கப் பத்து ஏக்கரை 17,000 ரூபாய்க்கு விற்ற ஒரு வழக்கில், இது நீதிமன்றத்தின் கட்டாயக் கடமை என்று உச்ச நீதிமன்றம் 1989-இல் தெளிவாகச் சொன்னது. உங்கள் நிலம் இரண்டு மூன்று உட்பிரிவுகளாக இருந்தால், ஒன்றை மட்டும் விற்றிருந்தாலே கடன் அடைந்திருக்குமே என்று, முறைகேட்டைக் காட்டி ஏலத்தை ரத்து செய்யக் கோரும் விதி 90-இன் கீழ் கேட்கலாம் என்பது என் கருத்து.

முதல் பதில் அளித்தவர்

விதி 64 குறித்து நண்பர் சொல்வது சரி. விற்ற முறையைப் பார்க்க எனக்கும் மனம் வலிக்கிறது. ஆனால் விதி 90-இல் விலை குறைவு என்பது மட்டும் போதாது: விளம்பரத்திலோ ஏலத்திலோ பெரிய முறைகேடோ மோசடியோ நடந்து, அதனால் கணிசமான நட்டம் ஏற்பட்டது என்று காட்ட வேண்டும். விளம்பரம் தயாராகும் முன்பே எழுப்பியிருக்கக்கூடிய ஆட்சேபத்தைப் பின்னால் எழுப்பவும் முடியாது. அண்ணனுக்கு அப்போது நோட்டீஸ் சேர்ந்திருந்தால் இதுவே எதிர்த்தரப்பின் முதல் வாதமாகும். அதைவிட முக்கியமாக, விதி 90 மனு நிலுவையில் இருக்கும்வரை, அதைத் திரும்பப் பெறாமல் விதி 89-இல் போக முடியாது. அந்த வழக்கு இழுத்துக்கொண்டிருக்கும்போதே உங்கள் 60 நாள் கரைந்துவிடும். பணம் கைக்கு எட்டும் நிலையில் இருப்பவர் பணத்தைக் கட்டி மீட்பதே உத்தமம்.

கேட்டவர்

இருவருக்கும் நன்றி. நிலம் ஒரே பட்டாவில், ஒரே புல எண்ணில் இருக்கிறது; நோட்டீசில் அண்ணன் கையெழுத்திட்டதாகவும் இப்போது ஒப்புக்கொண்டார். எனவே விதி 89-ஐயே நாடுகிறோம். குறையும் பதினைந்தாயிரத்துக்கு என் மனைவியின் சங்கிலியை நாளை அடகு வைக்கிறேன். 37 நாள் இருக்கிறதே என்று காத்திராமல், இந்த வாரமே வக்கீலைப் பார்த்துச் சலான் எழுதிவிடுவோம்.