மீட்லோஃப் வறண்டு உதிராமல் வர என்ன செய்ய வேண்டும்?

தண்டையார்பேட்டை செல்வி:

ஞாயிறு இரவு மட்டும்தான் எங்கள் வீட்டில் எல்லாரும் ஒரே நேரத்தில் சாப்பிட உட்காருவோம். மாமியாருக்குக் கடைவாய்ப் பற்கள் இல்லை. எலும்புக் கறியைத் தட்டில் ஒதுக்கிவிட்டுக் குழம்பு மட்டும் ஊற்றிக்கொள்கிறார். பிள்ளைகளோ பிரியாணி அல்லாத எதையும் சந்தேகத்தோடு பார்ப்பவர்கள். இரண்டு தரப்புக்கும் மீட்லோஃப், அதாவது கைமாவை ரொட்டிபோல நீள வடிவில் வேகவைத்து நறுக்கும் பண்டம், ஒத்துவரும் என்று நாத்தனார் சொன்னார். பெரம்பூரில் ஓர் ஆங்கிலோ இந்தியத் தோழி வீட்டில் அவர் சாப்பிட்டாராம். முள்கரண்டி பட்டதும் துண்டாக வந்ததாம், ஆனால் உதிரவில்லையாம்.

எங்கள் வீட்டில் நடந்தது வேறு. ஒரு கிலோ மாட்டுக்கறிக் கைமா, கொழுப்பில்லாமல் கேட்டு வாங்கியது. வழக்கம்போல நான்கு தண்ணீரில் அலசிப் பிழிந்து, இஞ்சி பூண்டு, பச்சை வெங்காயம், மிளகு, கரம் மசாலா, ஒரு கைப்பிடி பொட்டுக்கடலை மாவு, ஒரு முட்டை சேர்த்து, கோலா உருண்டைக்குப் பிசைவதுபோல நன்றாக அழுத்திப் பிசைந்து கேக் டின்னில் அடைத்தேன். மின்சார அடுப்பில் (ஓவன்) 200 டிகிரி, ஒன்றரை மணி நேரம். திறந்தபோது லோஃப் நான்கு பக்கமும் சுருங்கி, கலங்கிய தண்ணீரில் மிதந்தது. ஓரங்கள் ரப்பர், நடுப்பகுதி பொடி. மாமியார் அதிலும் குழம்பைத்தான் தேடினார்.

சிலர் ரொட்டி சேர்க்கச் சொல்கிறார்கள். என் கணவர், "கறிக்குக் காசு கொடுத்துவிட்டு ரொட்டி தின்பதா?" என்கிறார். அனுபவமுள்ளவர்கள் சொல்லுங்கள்.

மண்ணடி மரியம்:

செல்வி, முதலில் அந்தக் "கொழுப்பில்லாமல்" என்பதை விட்டுவிடுங்கள். கொழுப்பில்லாத கைமாவை வறுவல் செய்யலாம், சமோசாவுக்குள் வைக்கலாம். லோஃபாக நிற்கவைக்க முடியாது. நான் ஆட்டுக்கறியில் செய்கிறேன். தொடைக்கறி முக்கால் பங்கு, கொழுப்போடு கூடிய விலாக்கறி கால் பங்கு என்று எடைபோடச் சொல்லி, சவ்வை மட்டும் நீக்கி, கண்ணெதிரே ஒரே ஒரு முறை அரைத்து வாங்குவேன். இரண்டு முறை அரைத்தால் விழுதாகிவிடும். ஏற்கெனவே அரைத்து வைத்த கைமாவைப் பொதுவாகவே வாங்காதீர்கள், எந்தத் துண்டு அதில் போயிருக்கிறது என்று யாருக்குத் தெரியும்?

மற்றதை இங்கே அடுப்புக் கணக்குத் தெரிந்த பெரியவர் வந்து சொல்வார். நீளமாகத்தான் சொல்வார், பொறுத்துக்கொள்ளுங்கள்.

பழைய ஃபோர்மேன், பெரம்பூர்:

மரியம் அம்மாவின் குத்தல் வந்து சேர்ந்தது. நீளமாகவே சொல்கிறேன்.

நான் ஐ.சி.எஃப். ரயில் பெட்டித் தொழிற்சாலையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். எங்கள் தெருவில் அப்போது ரயில்வே ஆங்கிலோ இந்தியக் குடும்பங்கள் நிறைய. பக்கத்து வீட்டு ஆன்ட்டியின் சமையலறைச் சன்னல் எங்கள் முற்றத்தைப் பார்த்தது. ஞாயிறு காலை லூர்து மாதா கோவில் பூசை முடிந்து வந்தால் தேங்காய்ப்பால் மஞ்சள் சோறும் உருண்டைக் கறியும், இரவுக்கு லோஃப். அவர் கறி பிசைந்ததை நான் பார்த்ததே இல்லை. விரல்களை விரித்து வைத்துக்கொண்டு, பிட்டு மாவுக்குத் தண்ணீர் தெளித்துக் கலப்பதுபோல அடியிலிருந்து மேலே புரட்டுவார். கலவை ஒன்றுசேர்ந்ததும் கையை எடுத்துவிடுவார்.

செல்வி, உங்கள் செய்முறையில் உள்ளவை எல்லாம் நம் வீட்டுச் சமையலுக்கு நல்ல பழக்கங்கள்தான். இந்த ஒரு பண்டத்துக்கு மட்டும் அவை எதிரி.

அலசுவது: முழுத் துண்டாக இருக்கும்போது கழுவுங்கள், துணியால் ஒற்றி ஈரத்தை எடுங்கள், பிறகு அரைக்கக் கொடுங்கள். கடைக்காரர் மறுத்தால் வீட்டிலேயே மிக்ஸியில், குளிர்ந்த கறியைச் சிறுசிறு பங்காக, விட்டுவிட்டுச் சுற்றுங்கள். அரைத்த பிறகு நான்கு தண்ணீரில் அலசினால் கறியின் சாறும் கொழுப்பும் கழிநீர்த் தொட்டிக்குப் போகின்றன. அவற்றின் இடத்தில் குழாய்த் தண்ணீர் ஏறிக்கொள்கிறது. டின்னில் நீங்கள் பார்த்த கலங்கலில் பாதி அந்தத் தண்ணீர்தான்.

பிசைவது: கோலா உருண்டை எண்ணெயில் உடையக் கூடாது, அதனால் அழுத்துகிறோம். கறியை உப்போடு சேர்த்து அழுத்திப் பிசைந்தால் அதன் புரதம் கரைந்து பசையாகும். வெந்ததும் அந்தப் பசை இறுகி ரப்பராகும். சாசேஜ் செய்பவர்களுக்கு அந்த இறுக்கம் வேண்டும். உங்கள் மாமியாருக்கு வேண்டாம்.

பொட்டுக்கடலை மாவு: அது காய்ந்த மாவு. கறிக்குள் போனதும் கறியின் ஈரத்தைத்தான் குடிக்கும். சிறிய உருண்டை சில நிமிடத்தில் பொரிந்துவிடுவதால் அங்கே அது தெரிவதில்லை. ஒரு மணி நேரம் வேகும் ஒரு கிலோ கறியில் நன்றாகவே தெரியும்.

இனி ரொட்டி. உங்கள் கணவர் சொல்வதில் வரலாற்று நியாயம் கொஞ்சம் உண்டு. 1930களின் பொருளாதார மந்தத்தில் அமெரிக்கக் குடும்பங்கள் கொஞ்சக் கறியைப் பலருக்குப் பங்கிட ரொட்டியும் ஓட்ஸும் கலந்தார்கள். ஆனால் கறி தாராளமாகக் கிடைத்த பிறகும் ரொட்டியை யாரும் விலக்கவில்லையே! கறியில் உள்ள புரதம் சூடேறச் சுருங்கித் தன் நீரை வெளியே தள்ளும். பாலில் ஊறிய ரொட்டியின் மாவுச்சத்து அந்த நீரில் ஒரு பகுதியைப் பிடித்து வைத்துக்கொள்ளும். புரத இழைகள் ஒன்றோடொன்று பின்னி இறுகாதபடி நடுவில் புகுந்தும் நிற்கும். அவரிடம் சொல்லாமல் போடுங்கள். நாக்கில் ரொட்டி தட்டுப்படாது.

அளவு, ஒரு கிலோ கைமாவுக்கு: ஓரம் நீக்கிய பால் ரொட்டி 100 கிராம், 120 மில்லி பாலில் பத்து நிமிடம் ஊறவேண்டும். ஊறியதும் பிழியாமல் கூழாக மசித்துவிடுங்கள். அந்தக் கூழிலேயே முட்டை இரண்டு, உப்பு ஒன்றரைத் தேக்கரண்டி, மிளகுத்தூள், இஞ்சி பூண்டு விழுது, பொடியாக நறுக்கிய பச்சை மிளகாயும் புதினாவும், கிராம்பு பட்டைத் தூள் ஒரு சிட்டிகை. பெரிய வெங்காயம் இரண்டைப் பொன்னிறமாக வதக்கி, முழுக்க ஆறவிட்டுச் சேருங்கள். பச்சை வெங்காயம் உள்ளேயே தண்ணீர் விட்டு லோஃபைப் பிளக்கும். சூடான வெங்காயம் கொழுப்பை முன்கூட்டியே உருக்கிவிடும். கறி கடைசியில்தான் வரவேண்டும். குளிர்சாதனப் பெட்டியிலிருந்து நேராக எடுத்துச் சேர்த்து, மேலே சொன்ன ஆன்ட்டியின் கையைப்போலப் புரட்டுங்கள். ஒரு சிறு வில்லையைத் தோசைக்கல்லில் சுட்டு உப்புக் காரம் பார்த்துக்கொள்ளலாம். பச்சைக் கறியை நாக்கில் வைத்துப் பார்க்கிறவர்களும் இருக்கிறார்கள், அவர்களிடம் நான் பேசுவதில்லை.

கேக் டின்னை விட்டுவிடுங்கள். டின்னுக்குள் அடைத்தால் வழியும் கொழுப்பிலும் நீரிலும் ஓரங்கள் அவியும். தட்டில் எண்ணெய்த் தாள் (பட்டர் பேப்பர்) விரித்து, ஐந்து அங்குல அகலம், மூன்று அங்குல உயரத்தில் கையால் நீளமாக வடிவம் கொடுங்கள். மேற்பகுதியும் இரு பக்கமும் சிவந்து மொறுமொறுப்பாகும். 180 டிகிரி போதும், 200 வேண்டாம். ஐம்பதாவது நிமிடத்திலிருந்து நடுப்பகுதியில் வெப்பமானி குத்திப் பாருங்கள். 71 டிகிரி செல்சியஸ் காட்டினால் வெந்தது, உடனே வெளியே எடுங்கள். நிறத்தை நம்பாதீர்கள், வெந்த கைமாவும் சில நேரம் உள்ளே இளஞ்சிவப்பாக இருக்கும், வேகாததும் பழுப்பாக ஏமாற்றும். கறிக்குள் குத்தும் வெப்பமானி விலை அதிகமில்லை. நீங்கள் வீணாக்கிய அந்த ஒரு கிலோவின் விலைகூட இராது.

எடுத்ததும் கத்தி வைக்காதீர்கள். பதினைந்து நிமிடம் தாளால் தளர்வாக மூடி வைத்தால் சாறு உள்ளே அடங்கும். பிறகு பல் வைத்த ரொட்டிக் கத்தியால் விரற்கடை அளவு தடிமனில் நறுக்குங்கள். தட்டில் தேங்கிய சாற்றில் சிறிது மைதாவும் கறிச் சாறும் சேர்த்துக் கொதிக்கவிட்டால் உங்கள் மாமியாருக்குக் குழம்பும் ஆயிற்று.

தண்டையார்பேட்டை செல்வி:

ஐயா, நன்றி. கைமாவை அலசாமல் சமைப்பதற்கு மனதைத் தேற்றிக்கொள்ள வேண்டும், முழுத் துண்டாகக் கழுவி அரைப்பது நல்ல வழி. இரண்டு கேள்விகள். பிள்ளைகளுக்காக மேலே தக்காளி கெட்சப் பூசலாமா? பல செய்முறைகளில் வூஸ்டர் சாஸ் கேட்கிறார்கள், எங்கள் பக்கத்துக் கடையில் இல்லை. அது இல்லாமல் ருசி வருமா?

பழைய ஃபோர்மேன், பெரம்பூர்:

பூசலாம், ஆனால் கடைசிப் பதினைந்து, இருபது நிமிடத்தில்தான். முதலிலேயே பூசினால் சர்க்கரை கருகும். அரைக் கோப்பை கெட்சப், இரண்டு மேசைக்கரண்டி பொடித்த வெல்லம், ஒரு மேசைக்கரண்டி வினிகர், கொஞ்சம் மிளகாய்த்தூள். வெறும் கெட்சப் மட்டும் பூசினால் இனிப்பு முகத்தில் அடிக்கும்.

வூஸ்டர் சாஸ் 1837இல் இங்கிலாந்தில் விற்பனைக்கு வந்தது. உள்ளே இருப்பது வினிகர், வெல்லப்பாகு, பூண்டு, நெத்திலி வகை மீன், நம் புளி. ஒரு தேக்கரண்டி கெட்டிப் புளிக்கரைசல், ஒரு தேக்கரண்டி சோயா சாஸ், சிறு துண்டு வெல்லம் மூன்றையும் ரொட்டிக் கூழில் கலந்தால் போதும். சோயாவில் உப்பு உண்டு, அதற்கேற்ப உப்பைக் குறையுங்கள்.

காசிமேடு கடலோடி மகள்:

பெரியவரோடு ஒரு சிறு சண்டை. சோயா எதற்கு? இரண்டு நெத்திலிக் கருவாட்டைத் தலை கிள்ளி, வெறும் சட்டியில் மொறுமொறுவென்று வறுத்து, நைஸாகப் பொடித்து அரைத் தேக்கரண்டி போடுங்கள். கருவாட்டு வாசம் வராது, கறி வாசம்தான் கூடும். என் வீட்டில் கருவாடு என்றால் மூக்கைப் பொத்தும் மருமகனே இரண்டாவது துண்டு கேட்டார், விவரம் அவருக்கு இன்னும் தெரியாது.

என்னிடம் மின்சார அடுப்பும் இல்லை. அரைக் கிலோ கலவையை வாட்டிய வாழை இலையில் உருளையாகச் சுற்றி, நூலால் கட்டி, இட்லிப் பானையில் முக்கால் மணி நேரம் அவிப்பேன். ஆறியதும் இலையைப் பிரித்து, தோசைக்கல்லில் நெய் விட்டு நான்கு பக்கமும் சிவக்க உருட்டி எடுப்பேன். அடுப்பில் வருகிற மேலோடு வராது, ஆனால் ஈரத்துக்குக் குறைவில்லை.

பழைய ஃபோர்மேன், பெரம்பூர்:

கருவாட்டுப் பொடியை ஏற்றுக்கொள்கிறேன், வரும் ஞாயிறே போடுகிறேன். அவித்ததிலும் வெப்பமானி குத்திப் பாருங்கள், அதே 71தான். யாராவது கோழிக் கைமாவில் செய்வதானால் 74 வரை போகவேண்டும். அதிலும் நெஞ்சுக்கறியைத் தவிர்த்துத் தொடைக்கறியாக வாங்குங்கள்.

மண்ணடி மரியம்:

செல்வி, மிச்சமானால் குளிர்சாதனப் பெட்டியில் மூன்று நான்கு நாள் இருக்கும். திங்கட்கிழமை காலை தோசைக்கல்லில் லேசாகச் சுட்டு, வெங்காயம், புதினாச் சட்னியோடு பன்னுக்குள் வைத்துப் பிள்ளைகளுக்குக் கட்டிக்கொடுங்கள். உங்கள் கணவர் அந்தப் பன்னையும் எண்ணப்போகிறாரா என்று பார்த்துச் சொல்லுங்கள்.