நாலு வயதுப் பிள்ளைக்கு நித்திரைப் பாணியை வீட்டிலேயே பருக்கலாமா?

ஒட்டுசுட்டான் அம்மா:
மகளுக்கு நாலு வயது. மூன்று கடவாய்ப் பல் சூத்தை, இரவில் வலியால் அழுகிறாள். டாக்டரைக் கண்டாலே வாயைத் திறக்கிறாள் இல்லை. வவுனியாவில் ஒரு தனியார் கிளினிக்கில் காட்டினோம். பாணி மருந்து தருவார்களாம். வெளிக்கிட முதல் பருக்கினால் பஸ்ஸிலேயே நித்திரையாகிவிடுவாளாம். மாமி வேண்டவே வேண்டாம் என்கிறா. பிள்ளைக்குக் குறட்டையும் இருக்கு, தடிமன் போன கிழமைதான் மாறினது. என்ன செய்ய?

தியேட்டர் அக்கா, கிளிநொச்சி:
மாமி சொல்வது சரி, தங்கச்சி. மயக்கம் தெளியும் பிள்ளைகளுக்குப் பக்கத்தில் நின்று வேலை செய்த நேர்ஸ் நான். அமெரிக்கக் குழந்தை மருத்துவர் சங்கமும் குழந்தைப் பல் மருத்துவர் சங்கமும் சேர்ந்து 2019இல் புதுப்பித்த வழிகாட்டியிலும் இது இருக்கிறது: பயிற்சி உள்ளவர் பக்கத்தில் இல்லாமல் பிள்ளைக்கு இந்த மருந்து கொடுக்கக் கூடாது.

மாங்குளம் தாண்டும்போது மடியில் தலை முன்னுக்குச் சாய்ந்து நாடி நெஞ்சில் முட்டினால், மூச்சு அடைபடும். நல்ல நித்திரை என்றுதான் நீங்கள் நினைப்பீர்கள். உதடு நீலமாகும்போதுதான் தெரியும்.

கிளினிக்கில் கேளுங்கோ: பல் செய்பவரை விட, பிள்ளையின் மூச்சை மட்டும் பார்க்க இன்னொருவர் நிற்பாரா? விரலில் மாட்டும் ஒட்சிசன் மீற்றர், ஒட்சிசன், வாயில் சேரும் எச்சிலை உறிஞ்சும் சக்‌ஷன், பிள்ளை அளவு மாஸ்க்கும், கையால் அமத்தி மூச்சுக் குடுக்கிற அம்பு பேக்கும் இருக்கா? நிறை பார்த்தார்களா? மருந்து கிலோக் கணக்கு, வயதுக் கணக்கு இல்லை.

குறட்டை என்றால் டொன்சில் பெரிதாக இருக்கலாம். தடிமன் மாறி சில கிழமைக்கு மூச்சுக்குழாய் சட்டென்று இறுகக்கூடும். இந்த இரண்டையும் மறைக்காமல் சொல்லுங்கோ. என்னைக் கேட்டால், மயக்க மருந்து டாக்டர் இருக்கும் ஆஸ்பத்திரிதான் இவளுக்குச் சரி.

பாலும் பாணும் மருந்துக்கு 6 மணித்தியாலம் முன்னமே நிற்பாட்ட வேணும். வெறும் தண்ணீர் 2 மணித்தியாலம் முன்வரை குடுக்கலாம். அழுகிறாளே என்று அம்மம்மா ஒரு பிஸ்கட் நீட்டுவா. சாப்பிட்டுவிட்டால் உள்ளதைச் சொல்லி வேறு திகதி எடுங்கள்.

முறிகண்டி அப்பா:
என் மகனுக்கு விறைப்பு ஊசி மட்டுமே போதுமாயிருந்தது. முதல் நாள் கதிரையில் இருத்திக் கண்ணாடியை மட்டும் காட்டி அனுப்பிவிட்டார்கள். அதையும் கேட்டுப் பாருங்கோ. அக்கா, மருந்து குடுத்தால் மோட்டர்சைக்கிளில் திரும்பலாமா?

தியேட்டர் அக்கா, கிளிநொச்சி:
வேண்டாம் தம்பி. வாகனத்தில், ஓட்டுகிறவரை விட இன்னொரு பெரியவர் பிள்ளையின் தலையை நிமிர்த்திப் பிடித்தபடி வர வேணும். கூப்பிட்டால் கண் திறந்து பழையபடி கதைக்காத பிள்ளையை வீட்டுக்கு அனுப்பவே கூடாது. சில மருந்து வீட்டுக்கு வந்த பிறகும் திரும்ப நித்திரையாக்கும்.

ஒட்டுசுட்டான் அம்மா:
போன் எடுத்துக் கேட்டேன். டாக்டரும் உதவிக்கு நிற்கிற ஒரு ஆளும்தானாம். பெரியாஸ்பத்திரிக்குக் கடிதம் கேட்டிருக்கிறேன். அதுவரை வலிக்கு?

தியேட்டர் அக்கா, கிளிநொச்சி:
பனடோல் பாணி, நிறைக்கு ஏற்ற அளவில், 6 மணித்தியாலத்துக்கு ஒருக்கா. அளவை மருந்தாளரிடம் எழுதி வாங்குங்கோ. கன்னம் வீங்கினாலோ காய்ச்சல் வந்தாலோ கடிதத்துக்குக் காத்திருக்காமல் அன்றைக்கே கொண்டு போங்கோ.