எக்ஸ்போஷர்: வெளிப்பாடா, ஆட்படலா, படுநிலையா?

பாளையங்கோட்டையிலிருந்து:

அனைவருக்கும் வணக்கம். முக்கூடல், வீரவநல்லூர் பக்கம் பீடி சுற்றும் வீடுகளில் புகையிலைத் தூசி அளப்பதற்கான கையேடு ஒன்று தமிழாகிறது. எக்ஸ்போஷர் (exposure, தூசி போன்றவை உடலில் வந்து படுவது) என்ற ஆங்கிலச் சொல் வருகிற இடமெல்லாம் 'வெளிப்பாடு' என்று போட்டிருக்கிறது. 'தூசி வெளிப்பாடு' என்றால் எங்கிருந்தோ தூசி வெளியே வருகிறது என்றுதான் படிப்பவர் எடுத்துக்கொள்வார். அதற்கு 'உமிழ்வு' இருக்கிறது. போதாததற்கு நச்சியலில் ஜீன் எக்ஸ்பிரஷனுக்கு (gene expression) 'மரபணு வெளிப்பாடு' வேறு புழங்குகிறது. 'ஆட்படல்' சரிவருமா?

முக்கூடலிலிருந்து:

வேண்டாம் அண்ணாச்சி. 'புகையிலைக்கு ஆட்பட்டவர்' என்று அறிக்கையில் எழுதினால், வாயில் புகையிலையே வைக்காத பெண்ணைப் பழக்கத்துக்கு அடிமையானவர் ஆக்கிவிடுவோம். இந்த ஒரு காரணமே போதும்.

சொல் எதைச் சுமக்க வேண்டும் என்று முதலில் பார்ப்போம். அறைக் காற்றில் எவ்வளவு தூசி இருக்கிறது என்பது செறிவு. அந்தத் தூசி மூக்கிலும் வாயிலும் தோலிலும் வந்து படுவது, எவ்வளவு நேரம் படுகிறது என்பதையும் சேர்த்து, எக்ஸ்போஷர். உடலுக்குள் போய்ச் சேர்வது உள்ளளவு. மூன்றும் மூன்று விதமாக அளக்கப்படுகின்றன.

அறை மூலையில் கருவியை வைத்தால் கிடைப்பது செறிவு மட்டுமே. சுளகை மடியில் வைத்துக் குனிந்து சுற்றுபவரின் முகத்தருகே தூசி அதைவிடக் கூடுதலாக இருக்கலாம். அதனால் காற்றிழுக்கும் பம்பை இடுப்பில் கட்டி, தூசியைப் பிடிக்கிற வடிதாள் உள்ள தலையைக் கழுத்துப்பட்டையில், மூக்கிலிருந்து 30 சென்டிமீட்டருக்குள் குத்த வேண்டும். நிமிடத்துக்கு 2 லிட்டர் வீதம் 8 மணி நேரம் இழுத்தால் 960 லிட்டர், அதாவது 0.96 கனமீட்டர். வடிதாளில் 0.48 மில்லிகிராம் ஏறியிருந்தால் கனமீட்டருக்கு 0.5 மில்லிகிராம். இவ்வளவு சின்ன எடை என்பதால்தான் பிழையும் எளிதாக நுழைகிறது. ஈரம் குடித்த வடிதாளை அப்படியே நிறுத்தால் தூசியோடு தண்ணீரையும் சேர்த்து நிறுப்போம். முன்னும் பின்னும் ஒரே ஈரப்பதத்தில் வைத்து நிறுங்கள். ஒப்பிட்டுப் பார்க்கக் காற்று இழுக்காத வெற்றுத் தாள் ஒன்றும் கூடவே போய்வரட்டும். பம்பின் தொடக்கக் காற்றோட்டத்துக்கும் முடிவுக் காற்றோட்டத்துக்கும் 5 விழுக்காட்டுக்கு மேல் வேறுபாடு இருந்தால் அந்த மாதிரியைத் தள்ளிவிடுங்கள்.

இவ்வளவு செய்தும் பாதிதான் பிடிபடும். பீடி இலையை நனைத்துத்தான் வெட்டுகிறார்கள், கை ஈரமாகவே இருக்கிறது. நிகோடின் தண்ணீரில் கரையும், தோல் வழியாகவும் ஏறும். வடிதாளுக்கு இது தெரியாது. வேலை முடிந்ததும் கையைத் துடைத்தெடுத்த துணியையும், சிறுநீரில் கோட்டினினையும் (நிகோடின் உடலுக்குள் மாறி உண்டாகிற பொருள்) பார்க்க வேண்டும். கோட்டினின் பாதியாகக் குறையப் பொதுவாக ஏறக்குறைய 16 மணி நேரம் ஆகும். மாதிரி எடுத்த நேரத்தைக் குறிக்காவிட்டால் எண்ணுக்கு மதிப்பில்லை. வெற்றிலையோடு புகையிலை போடுகிறவரா, வீட்டில் யாரும் பீடி குடிக்கிறார்களா என்பதையும் கேட்டு எழுத வேண்டும். தூள் மூட்டை இருக்கிற அறையிலேயே பிள்ளைகள் தூங்கினால் 8 மணி நேரக் கணக்கும் பற்றாது.

தென்காசியிலிருந்து:

'தீண்டல்' எப்படி? 'உடற்படல்' என்றும் ஒன்று தோன்றியது.

முக்கூடலிலிருந்து:

தீண்டல் என்றால் இங்கே பாம்பு. அதைவிடக் கசப்பான பொருளும் அதற்கு உண்டு. மக்கள் கையில் கொடுக்கிற தாளில் அது வரக்கூடாது. உடற்படல் பொருளுக்கு நெருக்கம்தான், ஆனால் காதுக்கு 'உடன்படல்' என்றே விழும். ஒப்புதல் படிவத்தில் இரண்டும் அடுத்தடுத்து வந்தால் குழப்பம்.

'வெயில் படுது', 'மேல தூசி படுது' என்றுதான் எல்லாரும் பேசுகிறோம். அந்தப் 'படு'வையே எடுத்துப் 'படுநிலை' என்று வைக்கலாம். தூசிப் படுநிலை, தோல்வழிப் படுநிலை, படுநிலைக் காலம், படுநிலை மதிப்பீடு. வினைக்குப் 'படுகிறது' போதும்.

பாளையங்கோட்டையிலிருந்து:

தண்ணீருக்கு ஒத்துவருகிறதா என்று போட்டுப் பார்த்தேன். கிணற்றில் ஃபுளோரைடு லிட்டருக்கு 2 மில்லிகிராம் என்று வைத்துக்கொள்வோம். 50 கிலோ ஆள் நாளுக்கு 3 லிட்டர் குடித்தால் உள்ளளவு உடல் எடையில் கிலோவுக்கு 0.12 மில்லிகிராம். 15 கிலோ பிள்ளை 1.2 லிட்டர் குடித்தால் 0.16. அமெரிக்கச் சுற்றுச்சூழல் முகமை வைத்திருக்கிற ஒப்பளவு (reference dose, நாள்தோறும் போனாலும் தீங்கு வராது என்று கொள்ளும் அளவு) 0.06. அதால் வகுத்தால் தீங்கு ஈவு (hazard quotient) பெரியவருக்கு 2, பிள்ளைக்கு ஏறக்குறைய 2.7. தண்ணீர் ஒன்றுதான், குறைவாகக் குடிக்கிற பிள்ளைக்கே கூடுதல். சோறு குழம்பில் போகிற தண்ணீரையும் சேர்க்க வேண்டும். கொதித்தால் ஃபுளோரைடு போகாது, தண்ணீர் வற்றச் செறிவு கூடத்தான் செய்யும்.

படுநிலை இங்கேயும் நிற்கிறது: வாய்வழிப் படுநிலை. ஈவை மட்டும் 'இடர் ஈவு' என்று எழுதாதீர்கள். இடர் என்றால் நிகழ்வாய்ப்பு. ஈவு 2 என்பதை நோய் வர இரண்டு மடங்கு வாய்ப்பு என்று படித்துவிடுவார்கள். ஒப்பளவைப்போல் இரண்டு மடங்கு உள்ளே போகிறது என்பதே பொருள்.

கையேட்டில் 'வெளிப்பாடு' வருகிற இடங்களை ஒவ்வொன்றாகப் பார்த்துத்தான் மாற்ற வேண்டும். மொத்தமாக மாற்றினால் 'மரபணு வெளிப்பாடு' என்பதும் 'மரபணுப் படுநிலை' ஆகிவிடும். கை துடைக்கும் துணி பற்றிய பத்தியைத் தென்காசி அக்கா பார்த்துத் தந்தால் நல்லது.