‘இந்தியருக்கு இல்லையாம்’: வாடகை வீடு தேடியவர்களின் அனுபவப் பகிர்வு (மலேசியா: கோலாலம்பூர், பினாங்கு; ஒவ்வொரு பதிவின் மேலும் எழுதியவரின் புனைபெயர்)

செந்தூல் மகள்

வேலை கெரிஞ்சி பக்கம் மாறிவிட்டது. எல்.ஆர்.டி. ரயில் நிலையத்துக்கு நடந்து போகிற தூரத்தில் ஒரு ஸ்டூடியோ யூனிட் தேடிக்கொண்டிருக்கிறேன். எனக்குக் கிறிஸ்துவப் பெயர். வாட்ஸ்அப் படத்தில் இருப்பது என் பூனை. அதனால் ஏஜெண்டுகள் ஆரம்பத்தில் ரொம்பப் பிரியமாகப் பேசுவார்கள்.

போன வாரம் பேசிய அம்மணியும் அப்படித்தான். “ஹாய் டியர்” என்று தொடங்கி வீட்டு வீடியோ அனுப்பினார். வாஷிங் மெஷின் புதுசு, சனிக்கிழமை காலை பத்து மணிக்கு வாங்க, ஜாகாவிடம் (காவலாளி) ஐசி (அடையாள அட்டை) காட்டணும் என்று எல்லாம் சொன்னார். கடைசியில், கேட்டில் பதியணும், முழுப் பெயர் அனுப்புங்க என்றார். அனுப்பினேன். முழுப் பெயரில் ஏ/பி (இன்னாரின் மகள் என்று இந்தியப் பெண்களின் பெயரில் வருவது) வரும், அப்பா பெயரும் வரும். நீல டிக் விழுந்தது. ‘டைப்பிங்’ என்று வந்தது, நின்றது, மறுபடி வந்தது. அப்புறம், “சாரி டியர், ஓனர் இப்பத்தான் சொன்னார், வேற ஆள் புக் பண்ணிட்டாங்களாம்.”

பக்கத்து மேசையில் உட்காரும் சீனத் தோழியை அதே எண்ணுக்கு அனுப்பச் சொன்னேன். சனிக்கிழமை பத்து மணி காலியாகத்தான் இருந்தது.

விளம்பரத்திலேயே ‘சைனீஸ் ஒன்லி’ என்று போடுகிறவர்கள் மேல் எனக்கு இப்போது கோபம் குறைந்துவிட்டது. அவர்களால் என் நேரமாவது மிச்சமாகிறது. உங்களுக்கெல்லாம் எப்படி நடந்தது? சும்மா திட்டாமல் விவரமாக எழுதுங்கள்.

ஜாலான் ஈப்போ 51

எங்களுக்குச் சொன்ன காரணம் கறி வாசனை. சுவரில் ஏறிவிடுமாம், பெயிண்ட் அடித்தாலும் போகாதாம். நானும் கணவரும் ஷிப்ட் வேலை, வீட்டில் அடுப்பு மூட்டுவதே ஞாயிற்றுக்கிழமைதான். பிளாச்சான் (இறால் விழுது) வறுக்கிற வாசனைக்கு மட்டும் எந்தச் சுவரும் பயப்படுவதில்லை போல!

ஸ்தாப்பாக் ஏஜெண்ட்

நானும் இந்தத் தொழிலில்தான் இருக்கிறேன், பதிவு எண் உள்ள ஆள். அந்த அம்மணி செய்ததை நியாயப்படுத்தவில்லை. உள்ளே என்ன நடக்கிறது என்று மட்டும் சொல்கிறேன்.

ஒரு வீடு ஒரு ஏஜெண்டிடம் இருக்கும், வாடகைக்கு வருகிற ஆள் இன்னொரு ஏஜெண்டிடம் இருப்பார். கமிஷனை இருவரும் பங்கு போட்டுக்கொள்வார்கள். நான் என் வாடிக்கையாளருக்காக வீடு கேட்டுக் கூப்பிட்டால், அந்தப் பக்கத்திலிருந்து வருகிற முதல் கேள்வி ‘புரொஃபைல் என்ன?’ இனம், வேலை, எத்தனை பேர், எத்தனை கார். பாதி நேரம் ஓனர் இதைக் கேட்டிருக்கவே மாட்டார். பார்க்க வந்து கடைசியில் ஓனர் வேண்டாம் என்றால் தன் அலைச்சல் வீண் என்று ஏஜெண்டே முன்கூட்டி வடிகட்டிவிடுவார்.

ஓனர்கள் ஏன் இப்படி? இனவெறி பிடித்தவர்கள் உண்டு, மறுக்கவில்லை. ஆனால் நிறைய பேரிடம் நான் பார்ப்பது பயம். மலேசியாவில் குடியிருப்பு வாடகைக்கென்று தனிச் சட்டம் கிடையாது. கொண்டுவரப் போகிறோம் என்று வீடமைப்பு அமைச்சு பல வருஷமாகச் சொல்லிக்கொண்டிருக்கிறது. வாடகை பாக்கி வைத்தவரை ஓனர் தானே பூட்டை மாற்றி வெளியே அனுப்ப முடியாது. 1950ஆம் ஆண்டு ‘குறிப்பிட்ட நிவாரணச் சட்டம்’ (Specific Relief Act) என்பதன் 7(2) பிரிவுப்படி கோர்ட் உத்தரவு வேண்டும். பாக்கிக்காகச் சாமான்களைப் பறிமுதல் செய்ய 1951ஆம் ஆண்டு டிஸ்ட்ரெஸ் சட்டம் ஒன்று இருக்கிறது, அதற்கும் கோர்ட்டுக்குத்தான் போகணும். வக்கீல் செலவு வேறு. இத்தனைக்கும் ஓனர் கையில் இருப்பது வெறும் இரண்டு மாத டெபாசிட். மோசமான ஆள் வந்து மாட்டினால் மீள்வது கஷ்டம். அதனால் சம்பளத்தையும் பழைய வாடகைப் பதிவையும் விசாரிக்க வேண்டிய இடத்தில் இனத்தைப் பார்த்துவிட்டு விசாரித்த மாதிரி நினைத்துக்கொள்கிறார்கள். என் கையில் நடந்த மிகப் பெரிய பாக்கி, ஓனர் ‘நம்ம ஆள்’ என்று தானே தேடிப் பிடித்த ஆள் வைத்ததுதான்.

நான் இப்போது செய்வது இது. சம்பளச் சீட்டு, இபிஎஃப் அறிக்கை, கடன் அறிக்கை, முந்தைய ஓனரின் தொலைபேசி எண், எல்லாவற்றையும் பெயரை மறைத்து முதலில் அனுப்பிவிடுவேன். பெயர் கடைசியில். சில ஓனர்கள் அதற்குள் மனசளவில் சம்மதித்திருப்பார்கள், பின்வாங்கச் சங்கடப்படுவார்கள். ஒருவர் எல்லாம் சரி என்று சொல்லிவிட்டு, பெயரைக் கேட்டதும் போனில் கொஞ்ச நேரம் பேசவே இல்லை. அப்புறம், “ஓகே லா, ஆனா டெபாசிட் மூணு மாசம்” என்றார். அதே வீட்டில் முன்பு இருந்தவரிடம் வாங்கியது இரண்டு. அதையும் என் வாடிக்கையாளரிடம் மறைக்காமல் சொன்னேன். அவர் சிரித்துவிட்டு மூன்று மாதம் கட்டினார். அவருக்குப் பிள்ளையின் பள்ளிக்கூடம் பக்கத்தில் வேண்டும்.

சுங்கை டுவா வாத்தியார்

ஓனர் பக்கத்துக் கதை ஒன்று. பினாங்கில் அறிவியல் பல்கலைக்கழகத்துக்குப் பக்கத்தில், வேலையில் இருந்தபோது வாங்கிய அபார்ட்மெண்ட் எனக்கு உண்டு. ஏஜெண்டிடம் சாவியைக் கொடுத்துவிட்டு, ‘ஒழுங்கான ஆளாப் பாருப்பா’ என்றதோடு சரி.

என் மகன் சும்மா இணையத்தில் மேய்ந்தபோது விளம்பரம் கண்ணில் பட்டிருக்கிறது. அறைகளின் படம், என் பழைய சோபா, கீழே ‘சீன மாணவர்களுக்கு மட்டும்’. என் வீட்டில் குடியிருக்க எனக்கே தகுதி இல்லை! கூப்பிட்டுக் கேட்டால் அந்தப் பையன் கொஞ்சமும் தடுமாறவில்லை. “மிஸ்டர், எல்லா ஓனரும் அதைத்தான் கேட்பாங்க, அதனால எல்லா விளம்பரத்துக்கும் ஒரே எழுத்தை ஒட்டிடுவேன்.” என்னைக் கேட்டாயா என்றேன். நீங்க வேண்டாம்னு சொல்லலையே என்றான். அன்றைக்கே அதை எடுக்க வைத்தேன்.

இப்போது ஏமனிலிருந்து முனைவர் பட்டத்துக்குப் படிக்க வந்தவர் குடும்பத்தோடு இருக்கிறார். வாடகை மாதம் பிறந்ததும் வந்துவிடும். அவர்களைப் பற்றி மேனேஜ்மெண்ட் ஆபிஸில் ‘அரபுக்காரப் பிள்ளைகள் சத்தம்’ என்று புகார் எழுதியது யார் தெரியுமா? மேல் மாடித் தமிழர். அவருடைய பேரன்கள் நாள் முழுக்கக் கோலி உருட்டுகிற சத்தம் கீழே கேட்பதைப் பற்றி யாரும் எழுதவில்லை.

பட்டர்வொர்த் நர்ஸ்

வாத்தியார் தொட்டதை நான் இன்னும் கொஞ்சம் நீட்டுகிறேன்.

பிறையில் ஒரு ஃப்ளாட். ஓனர் தமிழ் அம்மா. நம்ம ஆளாச்சே என்று நிம்மதியாகப் போனேன். உட்கார வைத்து மைலோ கலக்கிக் கொடுத்தார். கல்யாணம் ஆயிருச்சா, தனியாவா இருப்பே, ராத்திரி டியூட்டி முடிஞ்சு யாரு கொண்டாந்து விடுவா? அதுவரை சரி, வயசானவர் கேட்கத்தான் செய்வார்.

அப்புறம், “அப்பாவுக்குப் பூர்வீகம் எந்த ஊரு?”

“சுங்கை பட்டாணி பக்கம் தோட்டம், ஆன்ட்டி.”

“அது சரிம்மா. இந்தியாவுல?”

நாமக்கல் பக்கம் என்று தாத்தா சொல்லிக் கேட்ட ஞாபகம், அதைச் சொன்னேன். அங்கே எந்த ஊரு என்றார். தெரியாது என்றேன். குலதெய்வம் யாரு என்றார். என்ன கேட்கிறார் என்று அப்போதுதான் புரிந்தது. எங்கள் குடும்பத்தில் மூன்று தலைமுறையாக யாரும் இந்தியாவுக்குப் போனதில்லை, ஆனால் சாதி மட்டும் கப்பலில் எங்களோடு வந்து இறங்கியிருக்கிறது. பொய் சொல்ல எனக்கு மனசு வரவில்லை. குலதெய்வத்தின் பெயரைச் சொன்னேன். மறுநாள் தம்பி மகன் குடிவரப் போவதாகத் தகவல் வந்தது.

இப்போது ராஜா ஊடாவில் ஒரு ஹொக்கியன் சீனப் பாட்டி வீட்டில் இருக்கிறேன். அவருக்கு இரண்டே நிபந்தனை: செருப்பு வாசலோடு, வாடகை மூணாந்தேதிக்குள். அதற்காகச் சீனர்கள் எல்லாரும் தங்கம் என்று சொல்ல வரவில்லை, அந்தப் பாட்டி தங்கம். நம்மைத் தட்டிக்கழிக்கும்போது நமக்கு வருகிற ஆத்திரம், நம் ஆட்கள் அடுத்தவரைத் தட்டிக்கழிக்கும்போது எங்கே போகிறது என்பதுதான் என் கேள்வி. ‘வங்காளதேசிகளுக்கு இல்லை’, ‘ஆப்பிரிக்கர்களுக்கு இல்லை’ என்று தமிழ் ஓனர்கள் போட்ட விளம்பரங்களை நான் நிறையப் பார்த்திருக்கிறேன்.

விரல்நுனி

நான் பார்வையற்றவன். பிரிக்ஃபீல்ட்ஸில் மசாஜ் வேலை. பார்வையற்றோர் சங்கம் இங்கே இருப்பதால் எங்களில் பலர் இந்தப் பகுதியைச் சுற்றித்தான் வீடு தேடுவோம், நடைபாதையில் வழிகாட்டும் புடைப்புக் கற்கள் காலில் படும். ஆனால் கே.எல். சென்ட்ரல் ரயில் நிலையம் வந்து சுற்றிலும் கொண்டோ எழும்பிய பிறகு வாடகை எங்கள் கைக்கு எட்டுவதில்லை. பழைய ஃப்ளாட்டுகளில் அறை கேட்டுப் போவோம்.

எனக்கு இனம் ஒரு பிரச்சினையாக வந்ததே இல்லை, அதற்கு முன்னாலேயே அடுப்பு வந்துவிடும். ‘கேஸைத் திறந்து வச்சிட்டா?’ ஒரு ஓனர் இதையே திரும்பத் திரும்பச் சொன்னார். உங்க சமையலறையைக் காட்டுங்க, டீ போட்டுத் தருகிறேன் என்றேன். கெட்டில் எங்கே, கிளாஸ் எங்கே என்று ஒரு முறை தொட்டுப் பார்த்துக்கொண்டேன். கிளாஸின் விளிம்புக்குள் விரல்நுனியை வைத்துக்கொண்டால், ஊற்றும்போது ஆவியின் சூடு ஏறுவதை வைத்தே எவ்வளவு நிரம்பியது என்று தெரிந்துவிடும். சத்தமும் மாறும். ஒரு சொட்டு சிந்தவில்லை. அவர் குடித்துப் பார்த்து, “டீ பிரமாதம்” என்றார். அப்புறம், “ஆனா என் சம்சாரத்துக்குத்தான் பயம்.” சம்சாரம் அந்த நேரம் என் பக்கத்தில்தான் நின்று டீ குடித்துக்கொண்டிருந்தார்.

இப்போது இருக்கிற கட்டடத்தில் லிஃப்டைப் புதுப்பித்தார்கள். பழைய அமுக்குப் பொத்தான்கள் போய், கண்ணாடி மாதிரி வழவழப்பான தொடுபலகை வந்துவிட்டது. எந்த மாடி என்று சொல்கிற குரலும் இல்லை. ஆபிஸில் கேட்டேன். யாரையாவது துணைக்குக் கூட்டிக்கிட்டு வாங்க என்றார்கள். 2008ஆம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் சட்டம் (சட்ட எண் 685) பொதுமக்கள் புழங்கும் கட்டடங்களில் நுழையவும் பயன்படுத்தவும் எங்களுக்கு உரிமை இருப்பதாகச் சொல்கிறது. மீறினால் தண்டனை என்று அதில் ஒன்றும் இல்லை. கடைசியில் நேப்பாள ஜாகா ஒருவர்தான் என் மாடி எண்ணுக்குப் பக்கத்தில் ஒரு பசைப் புள்ளி வைத்துக் கொடுத்தார். சுத்தம் செய்கிறவர்கள் அதைச் சுரண்டி எடுத்துவிடுவார்கள், அவர் மறுபடி வைப்பார்.

கோலம் போட்டவள், கெப்போங்

நான் வாடகைக்காரி இல்லை, சொந்த வீடு. பொங்கலுக்கு வாசலில் கோலம் போட்டதற்கு மேனேஜ்மெண்டிலிருந்து கடிதம்: தாழ்வாரம் பொதுச் சொத்து, அழிக்கவும், இல்லையேல் அபராதம். விதி அப்படித்தான் இருக்கிறது, சரி. ஆனால் அதே தாழ்வாரத்தில் செருப்பு அலமாரி, சைக்கிள், ஊதுவத்திக் குவளை, உடைந்த ஃபேன் எல்லாம் வருஷம் முழுக்க நிற்கிறதே? பக்கத்து வீட்டு ஊதுவத்திக் குவளையை எடுக்க வைக்கணும் என்பது என் ஆசை இல்லை. அந்த அங்கிள் என் நல்ல சிநேகிதர். ஒரே விதி எல்லாருக்கும் ஒரே மாதிரி இருக்கணும் என்றுதான் ஆண்டுக் கூட்டத்தில் எழுந்து கேட்டேன், அப்படியே கமிட்டிக்கும் நின்றேன். 2013ஆம் ஆண்டு ஸ்ட்ராட்டா (அடுக்குமாடி) நிர்வாகச் சட்டம் கமிட்டிக்கு 3 முதல் 14 பேர் வரை என்கிறது. எங்கள் கட்டடத்தில் ஆள் கிடைப்பதே கஷ்டம் என்பதால் சுலபமாக உள்ளே போய்விட்டேன்! ஒன்று கவனியுங்கள்: ஓட்டு ஓனர்களுக்குத்தான், அதுவும் பராமரிப்புக் கட்டணம் பாக்கி இல்லாதவர்களுக்கு. வாடகைக்கு இருப்பவர்களுக்குக் கிடையாது. அவர்களுடைய குறை கூட்டத்துக்கு வரணும் என்றால் ஓனர் வந்து பேசணும், முதலீட்டுக்கு வாங்கிய ஓனர் வரவே மாட்டார்.

சட்டம் பற்றிப் பலரும் கேட்பதால்: அரசியலமைப்பின் 8ஆம் பிரிவு எல்லாரும் சமம் என்கிறது, ஆனால் அது அரசைத்தான் கட்டுப்படுத்தும், தனி ஓனரை அல்ல. அமெரிக்காவில் 1968லேயே வீட்டு விஷயத்தில் இனம் பார்ப்பதைத் தடுக்கும் சட்டம் வந்துவிட்டது, இனத்தைச் சொல்லி விளம்பரம் போடுவதே அங்கே சட்டவிரோதம். பிரிட்டனிலும் அதே 1968. இங்கே 2018இல் இனப்பாகுபாட்டுக்கு எதிரான ஐ.நா. ஒப்பந்தத்தில் சேரப் போவதாக அரசு சொன்னது, எதிர்ப்புக் கிளம்பியதும் நவம்பரிலேயே பின்வாங்கிவிட்டது. அதற்குப் பிறகும் டிசம்பர் 8ஆம் தேதி கோலாலம்பூரில் பெரிய பேரணி நடந்தது. வீட்டு வாடகை வரைக்கும் பேச்சு வரவே இல்லை.

ஜெலுத்தோங் அம்மாவும் நானும்

ஸ்தாப்பாக் அண்ணனுக்கு ஒரு கேள்வி. எங்களிடமும் மூன்று மாத டெபாசிட் கேட்கிறார்கள். காரணம் கேட்டால் ‘ஓனர் பாலிசி’. இதற்கு உச்ச வரம்பு எதுவும் இல்லையா? அம்மாவுக்குப் படியேற முடியாது, லிஃப்ட் உள்ள இடம் இதுதான் கிடைத்தது, விடவும் மனசில்லை.

ஸ்தாப்பாக் ஏஜெண்ட்

வரம்பு இல்லைம்மா. இரண்டு மாத டெபாசிட், ஒரு மாத முன்பணம், தண்ணீர் மின்சாரத்துக்கு அரை மாதம் என்பது வழக்கம்தான், சட்டம் இல்லை. பேரம் பேசலாம். மூன்றாவது மாதத்தை ஒரேயடியாகக் கட்டாமல் தவணையாகக் கேட்டுப் பாருங்கள், ஒழுங்காக இருந்தால் ஆறு மாதத்தில் திருப்பித் தரணும் என்று ஒப்பந்தத்தில் எழுதச் சொல்லுங்கள். இரண்டுமே எனக்கு நடந்திருக்கிறது.

கட்டுவதாக இருந்தால், பணத்தை ஏஜெண்டின் சொந்தக் கணக்கில் போடாதீர்கள், கம்பெனிக் கணக்கு அல்லது ஓனர் கணக்கு. அவருடைய பதிவு எண்ணை முதலில் வாங்கிச் சரிபாருங்கள். சாவி வாங்குகிற அன்றே சுவர், ஏர்கான், பாத்ரூம் குழாய், கரண்ட் மீட்டர் எல்லாவற்றையும் படம் எடுத்து ஓனருக்கு அனுப்பிவிடுங்கள். ஒப்பந்தத்துக்கு முத்திரை வரி கட்டியாச்சா என்று கேட்டு அத்தாட்சி நகலையும் வாங்கிக்கொள்ளுங்கள், முத்திரை இல்லாத ஒப்பந்தத்தைக் கோர்ட்டில் ஆதாரமாக எடுக்க மாட்டார்கள். டெபாசிட் தகராறு வந்தால் உங்களுக்குத் தேவைப்படுவது அதுதான்.