ஆட்டச்சுவடும் சுவடழிப்பும்

அன்பர்களுக்கு வணக்கம்.

கையடக்க ஆட்டக்கருவியில் பழைய ஆட்டத்தின் தரவை இல்லாமற் செய்து முதலிலிருந்து விளையாடத் தொடங்குவதைத் தமிழில் எப்படிச் சொல்வது என்ற கேள்விக்கு இதுவரை மூன்று விடைகள் வந்துள்ளன. சென்னை நண்பர் "சேமிப்புத் தரவு நீக்கம்" என்றார். யாழ்ப்பாணத்து நண்பர் "மீட்டமைப்பு" போதும் என்றார். கோலாலம்பூர் அன்பர் "மறுதொடக்கம்" என்றே வைத்துவிடலாம் என்றார். மூன்றையும் சில நாட்களாகச் சொல்லிச் சொல்லிப் பார்த்தேன். அவை வெவ்வேறான மூன்று செயல்களின் பெயர்கள் என்றும், நமக்கு வேண்டிய நான்காவது செயல் அவற்றுக்கு வெளியே பெயரின்றி நிற்கிறது என்றும் எனக்குப் படுகிறது.

எனக்கு இந்த எண்ணம் வந்த விதத்தைச் சொல்லிவிடுகிறேன். வெள்ளவத்தையில் இருக்கும் என் அக்காவின் மகனுக்குப் பத்து வயது. கனடாவிலிருந்து விடுமுறைக்கு வந்த உறவினர் ஒருவர் தாம் பாவித்த ஆட்டக்கருவியை அவனுக்குக் கொடுத்துவிட்டுப் போனார். அதிலிருந்த விளையாட்டு ஒன்றில் உறவினர் பாதி தூரம் போயிருந்தார். சிறுவனோ தன் பெயரில் தொடக்கத்திலிருந்து விளையாட விரும்பினான். தொலைபேசியில் கேட்டபோது, "அந்த விளையாட்டை நீக்கிவிட்டுத் திரும்பவும் இறக்கு" என்று சொன்னேன். அவன் அப்படியே செய்தான். வீட்டு இணைப்பில் அது இறங்கி முடிய இரண்டு மாலைகள் ஆயின. திறந்து பார்த்தால், உறவினர் நிறுத்திய அதே இடத்தில், அவருடைய பெயருடனேயே ஆட்டம் நின்றது. "நீக்கினால் எல்லாம் போய்விடும் என்றுதானே மாமா சொன்னீங்கள்?" என்று அவன் கேட்டான். கருவியில் பிழை எதுவும் இல்லை. நான் கொடுத்த சொல்தான் அவனை வேறு செயலுக்குக் கொண்டுபோனது.

அந்த நாளிலிருந்து "நீக்கம்" என்ற முன்மொழிவை என்னால் ஏற்க முடியவில்லை. 2017இல் வந்த நிண்டெண்டோ சுவிட்ச் என்ற ஆட்டக்கருவியை எடுத்துக்கொள்ளுங்கள். அதில் விளையாட்டு மென்பொருள் ஓரிடத்திலும், ஆட்டத்தின் தரவு கருவியின் உள்நினைவகத்தில் வேறாகவும் வைக்கப்படுகின்றன. மென்பொருளை நீக்கினாலும் தரவு போகாது. தரவை இல்லாமற் செய்வதற்கு அமைப்புகளுக்குள் தனியாக ஒரு தெரிவு உண்டு. தரவின் படியை முகிலில் (இணையவழிச் சேமிப்பிடத்தில்) வைத்திருப்பவருக்கு, கருவியில் உள்ளதை இல்லாமற் செய்த பின்னரும் முகிலில் உள்ளது எஞ்சியிருக்கும். செயல்கள் இரண்டாக இருக்கையில் இரண்டுக்கும் ஒரே வினையைக் கொடுத்தால், பாவனையாளர் என் மருமகனைப் போலத்தான் ஏமாறுவார்.

ஆகவே மென்பொருளுக்கு "நீக்கு", தரவுக்கு "அழி" என்று பிரித்துக்கொள்ள வேண்டும் என்பது என் முதல் வேண்டுகோள். "அழி" என்பது வன்மையான சொல், பிள்ளைகளுக்கான இடைமுகத்தில் "அழிவு" என்ற நிழல் விழக்கூடாது என்று சென்னை நண்பர் எழுதியிருந்தார். தமிழ்நாட்டில் அது அப்படி ஒலிக்கலாம். இலங்கையில் பிள்ளை பள்ளிக்கூடப் பையில் வைத்திருப்பதே அழிறப்பர்தான். கரும்பலகையில் எழுதியதை அழிக்கிறோம், கொப்பியில் பிழையாக எழுதிய கணக்கை அழித்துவிட்டு மறுபடி செய்கிறோம். எழுதியது போய் எழுதிய இடம் மிஞ்சுவது என்பதுதான் நம் பிள்ளைகள் அறிந்த "அழித்தல்". தரவு போய், விளையாட்டு அப்படியே இருப்பதை இதைவிடப் பொருத்தமாகச் சொல்லும் வினை எனக்குத் தெரியவில்லை. பம்பலப்பிட்டி யூனிட்டி பிளாசாவில் பாவித்த கருவிகளை விற்கும் இளைஞர் ஒருவரிடம் பேச்சுக் கொடுத்தபோது, நான் கேட்காமலே, "பழைய சேவ் எல்லாம் அழிச்சிட்டுத்தான் தாறம் அண்ணா" என்றார். அவர் "நீக்கிவிட்டு" என்று சொல்லவில்லை. பெயர்ச்சொல்லுக்கு ஆங்கிலத்தை எடுத்தவர்கள்கூட வினைக்குத் தமிழைத்தான் வைத்திருக்கிறார்கள். அந்த வினையை நாம் மாற்றத் தேவையில்லை.

"அழி"யிடம் இன்னொரு நன்மையும் இருக்கிறது. அழிதல், அழித்தல் என்று தன்வினையும் பிறவினையும் அதில் இயல்பாகவே உண்டு. நிண்டெண்டோவின் பழைய கையடக்கக் கருவியான கேம் பாயில் செருகும் விளையாட்டுப் பேழைகளில் ஆட்டத்தின் தரவு, மின்சாரம் இல்லாமல் எதையும் வைத்திருக்க முடியாத நினைவகத்தில் இருந்தது. பேழைக்குள் நாணயம் போன்ற சிறிய மின்கலம் ஒன்று அதற்கு இடைவிடாது மின்னூட்டிக்கொண்டிருந்தது. அந்த மின்கலம் தீர்ந்த நாளில், எவரும் எதையும் அழுத்தாமலே தரவு போய்விடும். 1999இல் வெளிவந்த போக்கிமான் கோல்ட், சில்வர் என்ற விளையாட்டுகளின் பேழைகளில் மணிக்கூடும் அதே மின்கலத்தில் ஓடியதால் அது இன்னும் விரைவாகத் தீர்ந்தது. தானாகப் போவது அழிவு, நாமாகச் செய்வது அழிப்பு. பழுதுபார்ப்பவரிடம் போகும் ஒருவர் "அழிந்துவிட்டது" என்று சொல்வதற்கும் "அழித்துவிட்டேன்" என்று சொல்வதற்கும் உள்ள வேறுபாட்டை ஓர் எழுத்து சுமக்கிறது. வேறு வினையைத் தேர்ந்தால் இதை இழப்போம்.

"மீட்டமைப்பு" பற்றிய என் தயக்கம் இன்னும் ஆழமானது. கையடக்கத் தொலைபேசிகளின் தமிழ் இடைமுகத்தில் "மீட்டமை" என்பது எல்லாவற்றையும் தொடக்க நிலைக்குக் கொண்டுபோவதையும், "மீட்டெடு" என்பது காப்புப்படியிலிருந்து பழையதைத் திரும்பக் கொண்டுவருவதையும் குறிக்கின்றன. ஒன்று இழக்கும் செயல், மற்றது இழந்ததைப் பெறும் செயல். நேர் எதிரான இரண்டு செயல்கள் ஒரே வேரில், முதல் இரண்டு எழுத்துகளும் ஒன்றாக, அடுத்தடுத்த பொத்தான்களில் நிற்கின்றன. மீட்பு என்றால் ஆபத்திலிருந்து காப்பது என்றுதான் தமிழர் காது கேட்கும். அடகு வைத்த நகையைக்கூட நாம் மீட்கத்தானே செய்கிறோம். நூறு மணிநேர ஆட்டத்தை இல்லாமற் செய்யும் பொத்தானில் அந்தச் சொல் நிற்பதை நான் ஒருபோதும் விரும்பமாட்டேன்.

"மறுதொடக்கம்", அல்லது நம் வழக்கப்படி "மீள்தொடக்கம்", நல்ல சொல்தான். அதற்கு ஏற்கெனவே வேறு வேலை இருக்கிறது. கேம் பாயின் போக்கிமான் விளையாட்டுகளில் ஏ, பி, ஸ்டார்ட், செலெக்ட் ஆகிய நான்கையும் சேர்த்து அழுத்தினால் தலைப்புத் திரைக்குத் திரும்பலாம். சேமிக்காத பகுதி போகும், சேமித்தது இருக்கும். அது மீள்தொடக்கம். அதே விளையாட்டுகளின் தலைப்புத் திரையில் மேல் திசை, செலெக்ட், பி ஆகிய மூன்றையும் சேர்த்து அழுத்தினால், சேமித்த எல்லாவற்றையும் இல்லாமற் செய்யவா என்ற கேள்வி எழும். தவறுதலாக விரல் பட்டுவிடக்கூடாது என்பதற்காகத்தான் இதை எந்தப் பட்டியலிலும் வைக்காமல் மூன்று பொத்தான்களுக்குப் பின்னால் ஒளித்து வைத்தார்கள். ஆக்கியவர்கள் அவ்வளவு கவனமாகப் பிரித்து வைத்த இரண்டையும் நாம் ஒரே சொல்லில் கலந்துவிடக்கூடாது.

இனிப் பெயர்ச்சொல்லுக்கு வருகிறேன். "சேமி" என்ற வினையைத் தொட வேண்டாம். எட்டாம் வகுப்புப் பிள்ளைக்கும் அது பழகிவிட்டது. ஆனால் "சேமிப்பு" என்ற பெயர் இங்கே வங்கியோடு ஒட்டிப்போன சொல். காலி வீதியில் போகும் எவரும் தேசிய சேமிப்பு வங்கியின் பெயர்ப்பலகையைக் கண்டிருப்பார். "சேமிப்பை அழி" என்று ஒரு கருவி கேட்டால், அக்காவுக்கு நெஞ்சு திக்கென்றுதான் இருக்கும். "பதிவு" என்று வைக்கலாமா என்றும் எண்ணிப் பார்த்தேன். ஒலிப்பதிவு, பிறப்புப் பதிவு, முகநூல் பதிவு என்று அந்தச் சொல் ஏற்கெனவே அளவுக்கு மீறிய பாரத்தைச் சுமக்கிறது. விளையாடுவதைக் காணொளியாகப் பிடிப்பதும் "ஆட்டப்பதிவு" என்றுதான் ஆகும்.

என் முன்மொழிவு "ஆட்டச்சுவடு". நடந்தவர் எதுவரை போனார், எந்த வழியாகப் போனார் என்பதை மணலில் அவருடைய சுவடு சொல்கிறது. சேமித்த தரவு செய்வதும் அதுதான்: ஆடியவர் எந்த ஊரில் நிற்கிறார், கையில் என்ன இருக்கிறது, எவரை வென்றார் என்பதைக் காட்டி, விட்ட இடத்திலிருந்து அடுத்த அடியை வைக்க விடுகிறது. சுவட்டை அழித்தால் நடந்ததே இல்லை என்றாகிவிடும். தொடக்கத்திலிருந்துதான் நடக்க வேண்டும். "சுவடு தெரியாமல் அழித்தல்" என்பது நம் பேச்சில் ஏற்கெனவே உள்ள தொடர். திருவையாற்றுப் பதிகத்தில் அப்பர் "சுவடு படாமல்" என்று பாடியிருக்கிறார்; அவ்வளவு காலமாக உயிரோடு இருக்கும் சொல். புணர்ச்சியிலும் சிக்கல் இல்லை: சுவடு, அழிப்பு என்ற இரண்டும் சேர்ந்து "சுவடழிப்பு" ஆகும். மின்கலம் தீர்ந்து தானாகப் போவது "சுவடழிவு".

"விளையாட்டுச்சுவடு" என்று ஏன் சொல்லவில்லை என்று கேட்பீர்கள். விளையாட்டு என்பது கடையில் வாங்குவது. ஆட்டம் என்பது ஒருவர் ஒரு முறை ஆடுவது. கிரிக்கெட் ஒரு விளையாட்டு, ஞாயிற்றுக்கிழமை பிரேமதாச மைதானத்தில் நடந்தது ஓர் ஆட்டம். சுவடு ஆட்டத்துக்கு உரியது. "விளையாட்டை நீக்கு", "ஆட்டச்சுவட்டை அழி" என்று இரண்டு பொத்தான்கள் இருந்திருந்தால், பெயரும் வினையும் இரண்டிலும் வேறாக நின்று என் மருமகனின் இரண்டு மாலைகளையும் காப்பாற்றியிருக்கும். அழித்தபின் தொடங்கும் ஆட்டத்துக்குப் புத்தாண்டு, புத்தாடை வரிசையில் "புத்தாட்டம்" என்று பெயரிடலாம். முதற்பட்டியலில் "தொடர்" என்றும் "புத்தாட்டம்" என்றும் நின்றால் விளக்கமே வேண்டியதில்லை.

மறுப்பு ஒன்றை நானே சொல்லிவிடுகிறேன். இணையத்தில் நாம் அறியாமல் விட்டுச்செல்லும் தடங்களைச் சிலர் "எண்ணிமச் சுவடு" என்று எழுதுகிறார்கள். அறியாமல் விடுவதும் விரும்பிச் சேமிப்பதும் ஒன்றல்ல. "ஆட்ட" என்ற அடை முன்னால் நிற்கும்வரை குழப்பம் வராது என்று நம்புகிறேன். அடையை விட்டுவிட்டுத் தனியே "சுவடு" என்று எழுதுவது விளையாட்டுக்கு உள்ளே மட்டும் இருக்கட்டும்.

இந்தச் சொல் வெறும் பொத்தான் பெயராக நின்றுவிடாது. பாவித்த விளையாட்டுகளை வாங்கி விற்பதிலும் இது தேவைப்படுகிறது. 2011இல் நிண்டெண்டோ 3டிஎஸ் கருவிக்கு வந்த ரெசிடென்ட் ஈவில்: த மெர்சினரீஸ் 3டி என்ற விளையாட்டில் ஒருமுறை சேமித்த தரவை இல்லாமற் செய்ய வழியே வைக்கப்படவில்லை. பாவித்த பேழையை வாங்கியவர் முன்னவர் திறந்து வைத்த எல்லாவற்றையும் திறந்தபடியே பெற்றார், புதிதாகத் தொடங்க அவரால் முடியவில்லை. அது அப்போது பெரிய முறைப்பாடாக எழுந்தது. அப்படிப்பட்ட ஒன்றைத் தமிழில் "சுவடழியா ஆட்டம்" என்று இரண்டு சொல்லில் சொல்லிவிட முடிகிறது.

எச்சரிக்கை வாசகம் பற்றியும் ஒரு வேண்டுகோள். "ஆட்டச்சுவடு முழுவதும் அழிக்கப்படும். பின்னர் மீட்டெடுக்க முடியாது. அழிக்கவா?" என்று கேட்டுவிட்டுக் கீழே "ஆம்", "இல்லை" என்று வைக்காதீர்கள். "அழிக்கவா?" என்று கேட்டால் தமிழர் எவரும் "இல்லை" என்று சொல்வதில்லை, "வேண்டாம்" என்றுதான் சொல்வார். "அழி", "வேண்டாம்" என்ற இரண்டும் நிற்கட்டும். சுட்டி முதலில் "வேண்டாம்" மீது நிற்கட்டும்.

சென்ற ஞாயிறு அக்கா வீட்டுக்குப் போனபோது, இந்தச் சொற்களை விளக்காமலே மருமகனிடம் பாவித்துப் பார்த்தேன். வேறொரு விளையாட்டைத் திறந்து, "இதில் பழைய ஆட்டச்சுவட்டை அழித்துவிட்டுப் புத்தாட்டம் தொடங்கு" என்றேன். அவன் சொற்களைப் பற்றி எதுவும் கேட்கவில்லை. "எந்தச் சுவட்டை, மாமா? இதில் மூன்று இருக்கே" என்று கேட்டான். ஒரே விளையாட்டில் மூன்று பேர் தனித்தனியாகச் சேமிக்கத் தரப்படும் அந்த இடங்களுக்கு நாம் இன்னும் பெயர் வைக்கவில்லை. 1988இல் ஜப்பானில் வெளிவந்த டிராகன் குவெஸ்ட் மூன்றாம் பாகத்தில் சேமித்த ஒவ்வொன்றையும் சாகசப் புத்தகம் என்று பொருள்படும் பெயரால் அழைத்தார்கள். அதைப் பார்த்து "ஏடு" என்று வைக்கலாமா என்று யோசிக்கிறேன்: முதலாம் ஏடு, இரண்டாம் ஏடு, மூன்றாம் ஏடு. ஏட்டில் சுவடு பதியுமா என்ற உறுத்தல் எனக்கே இருக்கிறது. "தடம்" என்று வைத்தால் சுவட்டோடு பொருந்தும், ஆனால் இரண்டும் ஏறக்குறைய ஒரே பொருளாகிவிடும். யாழ்ப்பாணத்து நண்பரும் கோலாலம்பூர் அன்பரும் இதில் தங்கள் எண்ணத்தை எழுத வேண்டும்.