ஆதிசக்தி வேண்டாம், உவ்விசை என்று வைப்போம்

> கதையின் முதல் விசைக்குப் பேசாமல் ஆதிசக்தி என்றே பெயர் வைத்துவிடுவோம். எல்லாருக்கும் விளங்கும்.

விளங்கும்தான் அண்ணை, ஆனால் பிழையாக விளங்கும். நாங்கள் கட்டுகிற தொன்மக் கதையில், உப்பும் இருளும் பிரியாமல் கிடந்த களப்பை முதன்முதல் இழுத்துப் பிரித்த அந்த விசைக்கு முகம் இல்லை, கும்பிட்டாலும் கேட்காது, திட்டினாலும் கேட்காது. யாழ்ப்பாணத்தில் ஆதிசக்தி என்று எழுதினால் வாசிக்கிறவரின் மனம் நேரே நயினாதீவு நாகபூசணி அம்மனிடம் போய் நிற்கும். பிறகு அந்த உருவத்தை அழிப்பதுதான் அத்தியாயம் அத்தியாயமாக எங்களுக்கு வேலை.

அதோடு சக்தி என்ற சொல் இங்கே ஏற்கெனவே வேறு வேலையில் இருக்கிறது. எங்கள் பௌதிகவியல் புத்தகங்களில் சக்தி யூல் (joule) என்ற அலகில் அளக்கிற ஒன்று, அது செலவாகும் வீதம் வலு. தமிழ்நாட்டில் முதலாவது ஆற்றல், மற்றது திறன். அவர்களுடைய முடுக்கம் எங்களுக்கு ஆர்முடுகல் (அதைக் கேட்டு அங்குள்ளவர்கள் சிரிப்பதுண்டு, சிரிக்கட்டும்). விசை மட்டும் இரண்டு கரையிலும் விசைதான். ஆகவே கடைசிப் பாதி விசை என்று இருக்கட்டும், சண்டை முதல் பாதிக்குத்தான்.

மூலவிசை, பிரபஞ்ச விசை இரண்டும் எனக்குச் சப்பென்று இருக்கின்றன, ராசிபலன் பக்கத்து வாசம் வேறு. ஊழ் நல்ல சொல், ஆனால் குறளில் ஓர் அதிகாரமே அதற்கு இருக்கிறது, செய்ததற்குப் பலன் என்ற கணக்கு அதோடு ஒட்டிக்கொண்டே வரும். எங்கள் விசை யாருக்கும் கணக்கு வைப்பதில்லை. உந்துவளி என்று தங்கச்சி ஒருவர் பரிபாடலில் இருந்து எடுத்துத் தந்தது உண்மையில் அழகு. ஆனால் அந்த இரண்டாம் பாட்டில் கீரந்தையார் வைக்கிற ஒழுங்கில் வானம் முதலில் வருகிறது, காற்று அதற்குப் பிறகு, அப்புறம்தான் தீயும் நீரும் நிலமும். காற்றே பிறக்காத காலத்து விசைக்குக் காற்றின் பெயரை வைத்தால் கதை தொடங்கும் முன்பே இடிக்கும்.

சரி, என் சொல் உவ்விசை.

அ, இ, உ மூன்றும் சுட்டு என்பது தொல்காப்பியத்து விதி. அவ்விசை, இவ்விசை மாதிரித்தான் உவ்விசையும். உகரச் சுட்டைத் தமிழ்நாட்டுப் பேச்சு கைவிட்டுவிட்டது, எங்கள் வாயில் அது இன்னும் உயிரோடு இருக்கிறது. கொழும்பிலிருக்கும் மகனுக்குப் போன் எடுத்து "உங்கை மழையோ?" என்று அம்மா கேட்கிறார். அந்த 'உங்கை' அம்மா நிற்கிற இடம் இல்லை, எங்கோ யாரும் இல்லாத தூரமும் இல்லை, கேட்டுக்கொண்டிருக்கிறவனின் பக்கம். இப்போது கதையின் இரண்டாம் விதியைத் திரும்பப் பாருங்கள்: இந்த விசையைத் தன்னிடத்தில் எவராலும் உணர முடியாது, எதிரே நிற்கிறவரிடத்தில்தான் அது தெரியும். இதைவிடப் பொருத்தமாக அந்த விதியைச் சொல்லுகிற எழுத்து தமிழில் வேறு இருக்கிறதா?

> தமிழ்நாட்டு வாசகர்கள் எழுத்துப்பிழை என்று நினைப்பார்களே? அதோடு உ + இசை என்றும் பிரிக்கலாமே?

முதலாவது நியாயமான பயம். அதற்குத்தான் சொல் முதன்முதல் வரும் இடத்தில் கதையில் வருகிற கிழவி "அவ்விசையும் இல்லை, இவ்விசையும் இல்லை, உவ்விசை" என்று சொல்லட்டும் என்கிறேன். ஒருமுறை காதில் விழுந்தால் போதும், அடிக்குறிப்பு வேண்டாம். இரண்டாவது இலக்கணப்படி முழுக்கச் சரி, சுட்டுக்குப் பின் உயிர் வந்தாலும் வகரம்தான் இரட்டிக்கும், வகரம் வந்தாலும் அதேதான். ஆனால் பதினொரு எழுத்துப் பெயரைத் தேடி வைத்தாலும் யாராவது அதை வேறு விதமாகப் பிரித்துக் காட்டுவார்கள். இசை என்று எடுக்கிறவருக்கும் கதை கெட்டுப்போவதில்லை.

சொல் நல்லதா என்று பார்க்க நான் செய்வது அதிலிருந்து மற்றச் சொற்களைக் கறந்து பார்ப்பதுதான். உவ்விசைப் புலம் வருகிறது. அதை உணரத் தெரிந்தவர் உவ்விசையர். அது அறுந்துபோன தீவுகள் உவ்விசையிலி. ஆதிசக்தியை வைத்து இதையே செய்து பாருங்கள், ஆதிசக்திப் புலம் என்றால் கோயில் காணி உறுதி மாதிரி இல்லையா?

உவ்விசையிலி மட்டும் எனக்கு இன்னும் முழுத் திருப்தி இல்லை, நாக்கில் இடறுகிறது. அந்தத் தீவுகளுக்கு யாரிடமாவது குறுகிய சொல் இருந்தால் எழுதுங்கள். மற்றவற்றுக்கு மறுப்பு வராவிட்டால் சொற்பட்டியலில் ஏற்றிவிட்டு மூன்றாம் அத்தியாயத்தைத் திருத்தத் தொடங்குகிறேன்.