மவுசாக்கலை நாழிகையர்: காலக்கணக்கு இடிக்கிறது

நாழிகையர், கதைக்காக நான் உருவாக்கும் நீர்வாழ் இனம். இருப்பிடம் இலங்கை மலையகத்தின் மவுசாக்கலை நீர்த்தேக்கம், பழைய மஸ்கெலியா டவுன் மூழ்கிய இடம். விதி ஒன்றுதான்: மேற்பரப்பிலிருந்து ஓர் அடி இறங்கினால் ஓராண்டு பின்னே போவார்கள்.

சிக்கல் வறட்சியில். பழைய கோயில் தலைகாட்டும் காலத்தில் நீர் 20 அடி இறங்கியது என்று வையுங்கள். அசையாமல் கிடப்பவருக்கும் 20 ஆண்டு முன்னே ஓடிவிடுகிறது; நேற்று இட்ட முட்டைக்கு இன்று 20 வயது!

அதனால் நீர்மட்டத்தை விட்டு அடித்தரையிலிருந்து அளந்தேன்; அதுவும் நிலையாக இல்லை. மழைக்குத் தோட்டச் சரிவுகளிலிருந்து அடித்துவரும் வண்டல் தரையை உயர்த்துகிறது. அடுத்து, மீன்குஞ்சுகளின் காதுக்கல்லில் (உட்காதிலுள்ள சிறு கல்) நாளுக்கொரு வளையம் படியும் அல்லவா, அதையே உடற்கடிகாரமாக்கினேன். அழகாகப் பொருந்தியது, ஆனால் ஆளுக்கொரு காலமாகி இருவர் சந்திக்கவே முடியவில்லை.

நீர்மட்டம் ஏறி இறங்கினாலும் மாறாமல், எல்லோருக்கும் பொதுவாக, எதைச் சுழியப் புள்ளியாக வைக்கலாம்?